மலைப்பாம்பு ஆளை விழுங்குமா? கேள்விகளும் பதில்களும்

ஐயா, எங்கள் ஊர் ஓடையில் மலைப்பாம்பு நடமாட்டம் இருக்கிறது. ஆளை விழுங்குமா? (சத்தியமங்கலம்)

நம் ஊர் மலைப்பாம்பு ஆளை விழுங்கியதாக நம்பத்தக்க பதிவு எதையும் நான் கண்டதில்லை. பெரும்பாலும் பத்தடிக்கு உட்பட்டுத்தான் இருக்கும். முயல், எலி, பறவை, மான்குட்டி ஆகியவையே அதன் இரை. ஆளை விழுங்கியதாகச் செய்திகளில் வந்தவை இந்தோனேசியாவில் நடந்தவை. சுலவேசியில் 2017இல் எண்ணெய்ப்பனைத் தோட்டத்துக்குப் போன இளைஞர் ஒருவரையும், 2018இல் முனா தீவில் காய்கறித் தோட்டத்துக்குப் போன பெண் ஒருவரையும் ஏழு மீட்டர் நீளப் பாம்புகள் விழுங்கின. அது வலைமலைப்பாம்பு என்னும் வேறு இனம். நிக்கோபார் தீவுகளில் உண்டு, தமிழ்நாட்டில் இல்லை.

மூச்சை இழுத்தே இரையை வாய்க்குள் கொண்டுவந்துவிடும் என்று தாத்தா சொல்வார். (தேனி)

தாத்தா நன்றாகக் கதை சொல்லியிருக்கிறார். உதட்டோரக் குழிகளால் இரையின் உடல்வெப்பத்தை உணர்ந்து, அருகில் வரும்வரை அசையாமல் காத்திருந்து பாயும். கவ்வியதும் சுற்றி இறுக்கும். எலும்பை நொறுக்குவதில்லை. இதேபோல இரையை இறுக்கிக் கொல்லும் போவா பாம்புகளை வைத்துச் செய்த, 2015இல் வெளியான ஆய்வின்படி, இறுக்கத்தில் இரையின் இரத்த ஓட்டம் சில நொடிகளிலேயே தடைபடுகிறது.

தோட்டத்தில் இரண்டடிக் குட்டி ஒன்றைப் பையன்கள் பிடித்து விளையாடினார்கள். விஷம் இல்லாததுதானே? (பொள்ளாச்சி)

இந்தக் கேள்விதான் எனக்கு வயிற்றைக் கலக்குகிறது. மலைப்பாம்புக் குட்டி என்று நினைத்துக் கண்ணாடி விரியனைத் தூக்குபவர்கள் இருக்கிறார்கள். இரண்டும் தடித்த உடல், பழுப்பு நிறம், முதுகில் திட்டுகள். விரியனின் முதுகில் சங்கிலி கோத்ததுபோல் வரிசையான, கரும்விளிம்பு கொண்ட நீள்வட்டங்கள் இருக்கும். செதில் சொரசொரப்பு, வால் குட்டை. மலைப்பாம்பின் திட்டுகள் ஒழுங்கற்றவை, உடல் வழுவழுவென மின்னும், தலையில் ஈட்டிமுனை போன்ற குறி தெரியும். சீண்டினால் விரியன் குக்கர் விசில்போலச் சீறும். ஆனால் இவ்வளவையும் ஒப்பிட்டுப் பார்க்கக் குனிகிற தூரமே ஆபத்தான தூரம். பாம்பின் பெயர் தெரியாவிட்டால் விரியன் என்றே வைத்துக்கொண்டு விலகுங்கள். கடித்துவிட்டால் கட்டுப் போடுவது, கீறுவது எதுவும் வேண்டாம். விஷமுறிவு மருந்து உள்ள மருத்துவமனைக்கு உடனே போங்கள்.

மலைப்பாம்பே கடித்தால்? (திருநெல்வேலி)

விஷம் இல்லை, வலி உண்டு. பற்கள் உள்நோக்கி வளைந்தவை. கையை வெடுக்கென்று இழுத்தால் சதை கிழியும். சோப்பு போட்டுக் கழுவிவிட்டு மருத்துவரிடம் காட்டுங்கள். டெட்டனஸ் ஊசி தேவைப்படலாம்.

கோழிக்கூண்டும் ஒரு நாய்க்குட்டியும் இருக்கின்றன. பயப்பட வேண்டுமா? (கூடலூர்)

இவற்றுக்காகப் பயப்படலாம். கோழி, பூனை, நாய்க்குட்டி, ஆட்டுக்குட்டி எல்லாமே அதற்கு உணவுதான். இரவில் நாய்க்குட்டியை உள்ளே கட்டுங்கள். கூண்டுக்குச் சின்னக் கண் வலை அடியுங்கள். பெரிய கண் வலையில் நுழைந்து கோழியை விழுங்கிய பாம்பு, வயிறு வீங்கி வெளியேற முடியாமல் காலையில் உள்ளேயே கிடக்கும். கோபம் வரும்தான், அடித்துவிடாதீர்கள். வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்தின் முதல் அட்டவணையில் உள்ள உயிர் அது; கொன்றால் குறைந்தது 3 ஆண்டு சிறை.

சென்னையில் நண்பர் ஒருவர் ‘பால் பைத்தான்’ (ball python) வளர்க்கிறார். வீட்டில் கைக்குழந்தை இருக்கிறது. (தாம்பரம்)

அது ஆப்பிரிக்காவைச் சேர்ந்த சிறிய மலைப்பாம்பு இனம், சாது. என்றாலும் ஊர்வனவற்றின் உடலில் வயிற்றுப்போக்கை உண்டாக்கும் சால்மோனெல்லா கிருமி இருக்கக்கூடும். கைக்குழந்தை உள்ள வீட்டுக்கு அது வேண்டாம் என்பது என் கருத்து. வெளிநாட்டு உயிரினத்தை வளர்ப்பதற்கான முறையான பதிவு இருக்கிறதா என்றும் கேளுங்கள்.

வயலில் எதையோ விழுங்கிவிட்டு நகராமல் கிடக்கிறது. ஊரே கூடிவிட்டது. (மேட்டுப்பாளையம்)

முதலில் ஊரைக் கலையுங்கள். தோளில் போட்டுப் படம் எடுக்க ஒருவர் கிளம்புவார், அவரைத் தடுங்கள். தொந்தரவு செய்தால் விழுங்கியதைக் கக்கிவிடும். பட்ட பாடெல்லாம் வீண். நாய்களைக் கட்டிவிட்டு வனத்துறைக்குச் சொல்லுங்கள். தொடர்பு கிடைக்காவிட்டால் தீயணைப்புத் துறையை 101இல் அழையுங்கள். அவர்கள் வரும்வரை ஒருவர் மட்டும் தள்ளி நின்று, அது எந்தப் பக்கம் போகிறது என்று பார்த்துக்கொண்டிருந்தால் போதும்.