எச்.எஸ். குறியீடு (இறக்குமதிப் பொருளை வரிக்காக வகைப்படுத்தும் எண்) தவறு என்று சொல்லி சுங்கத்துறை சரக்கைப் பறிமுதல் செய்ய முடியுமா?

குறியீட்டை மட்டும் காரணம் காட்டி முடியாது. இந்தியச் சுங்கச் சட்டம், 1962-இன் 111(எம்) பிரிவு பொருளின் விவரத்தையோ மதிப்பையோ மாற்றிச் சொன்னால்தான் பாயும். பில் ஆஃப் என்ட்ரியில் (சுங்கத்துறைக்குத் தரும் இறக்குமதி அறிவிப்பு) விவரமெல்லாம் உண்மையாக இருந்து, நீங்கள் கோரிய வரித் தலைப்பை, அதாவது குறியீட்டை, அதிகாரி ஏற்கவில்லை என்றால் அது பொய் அறிவிப்பு ஆகாது. 1998-இல் நார்தர்ன் பிளாஸ்டிக் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது இதைத்தான்.

பலர் சறுக்குவது விவரத்தில். ‘எலக்ட்ரானிக் பாகங்கள்’ என்று மொட்டையாக எழுதி, பெட்டிக்குள் முழுக் கருவி இருந்தால் காப்பாற்றுவது கடினம். மாடல் எண்ணோடு எழுதி, கேட்டலாக்கை இ-சஞ்சித்தில் (சுங்கத்துறையின் இணையவழி ஆவணத் தளம்) ஏற்றிவிடுங்கள்.

அதிகாரி உங்கள் வரியை மறுமதிப்பீடு செய்தால், 17(5) பிரிவின்படி 15 நாளுக்குள் அதற்கான காரணங்களை விளக்கும் ஆணை தர வேண்டும். சரக்கு வெளியே வந்தால் போதும் என்று ‘ஏற்கிறேன்’ என எழுதிக் கொடுத்தால் அந்த ஆணையே கிடைக்காது. தயவுசெய்து அவசரப்படாதீர்கள், ஆட்சேபத்தோடு வரி கட்டுவதாகக் கடிதம் கொடுங்கள்.

சரக்கைக் கைப்பற்றிவிட்டால் 110ஏ பிரிவில் பத்திரமும் பிணையும் கொடுத்துத் தற்காலிக விடுவிப்பு கேட்கலாம். பறிமுதல் ஆணையே வந்தாலும், தடைசெய்யப்படாத பொருளுக்கு 125-ஆம் பிரிவில் அபராதம் கட்டி மீட்கும் வாய்ப்பைத் தந்தே ஆக வேண்டும். ஆணையர் (மேல்முறையீடு) முன் முறையிட 60 நாள். அதற்குச் சர்ச்சையிலுள்ள வரியில் 7.5% முன்வைப்பாக முதலிலேயே கட்ட வேண்டும்.