வாசகர் கேள்வி: உறுதி யார் பெயரில்?

கேள்வி: பிள்ளைகளின் பள்ளிக்கூட வாசலில் வேகக் கமரா வைக்கச் சொல்லி இரண்டு வருடம் கவுன்சிலருக்குப் பின்னால் திரிந்தோம். வைத்தார்கள், கார்களும் அடங்கின. பிறகு மாகாண அரசு தடை செய்துவிட்டது. நகரசபை வைத்ததை ஒன்ராறியோ அரசு எப்படிக் கழற்றலாம்?
- ஸ்காபரோ வாசகி

பதில்: கழற்றலாம் தங்கச்சி, அதுதான் வயிற்றெரிச்சல். வீட்டில் மகன் இருப்பான், வேலி அடைப்பான், கிணறு இறைப்பான். காணி உறுதி மட்டும் தகப்பன் பெயரில் இருக்கும். ஸ்காபரோ அடங்கிய ரொறன்ரோ நகரசபையின் நிலைமையும் அதுதான். கனடாவின் 1867 ஆம் ஆண்டு அரசியலமைப்புச் சட்டத்தின் 92(8) ஆம் பிரிவு நகராட்சிகளை முழுக்க மாகாணத்தின் கையில் கொடுத்திருக்கிறது.

உங்கள் கமராவை வைக்க வழிவிட்டதே 2017 இல் வந்த மாகாணச் சட்டம்தான். கொடுத்தவரே 2025 நவம்பர் 14 முதல் பறித்துக்கொண்டார். தண்டம் என்று மக்களிடம் காசு பிடுங்குகிற வேலை என்பது மாகாண முதல்வர் டக் ஃபோர்டின் வாதம். சிக்கிட்ஸ் சிறுவர் மருத்துவமனையும் ரொறன்ரோ மெற்றோபொலிற்றன் பல்கலைக்கழகமும் அதே ஆண்டு வெளியிட்ட ஆய்வோ, கமரா நின்ற பள்ளி வலயங்களில் வேக எல்லையை மீறும் வாகனங்களின் விகிதம் 45 வீதம் குறைந்ததாகச் சொன்னது. சட்டப்படி செய்யலாம் என்பதற்காகச் செய்தது சரியென்று ஆகிவிடுமா?

எனக்கு இந்தப் பாடம் ஸ்காபரோ ரயிலில் கிடைத்தது. பழைய நீல ரயிலுக்குப் பதிலாக ஏழு நிலையங்களோடு இலகு ரயில் வருகிறது என்று ஒரு கூட்டத்தில் வரைபடத்தை மேசையில் விரித்தார்கள். லோறன்ஸ் ஈஸ்ற் நிலையத்துக்குப் பக்கத்தில், "படியேற முடியாதவர்களுக்கு லிப்ற் வேண்டும்" என்று மஞ்சள் துண்டில் எழுதி ஒட்டிவிட்டு வந்தேன். 2013 இல் அது மூன்று நிலைய சப்வே, அதாவது சுரங்க ரயில், ஆனது. 2016 இல் ஒரே நிலையம். 2019 இல் புதிய சப்வே திட்டங்களை மாகாணம் தன் கைக்கு எடுத்து, திரும்பவும் மூன்று என்றது. இதற்குள் 2023 ஜூலை 24 அன்று நீல ரயில் தடம் புரண்டது, பிறகு ஓடவேயில்லை. கென்னடி நிலையத்தில் இறங்கி பஸ்ஸுக்கு வரிசையில் நிற்கும்போதெல்லாம் அந்த மஞ்சள் துண்டு ஞாபகம் வரும். நகரசபை மட்டும் யோக்கியம் என்று சொல்லவில்லை. மூன்றை ஒன்றாக்கியது நகரசபைதான்.

நீதிமன்றம் போகலாமா என்று அடுத்துக் கேட்பீர்கள். 2018 இல் தேர்தல் நடந்துகொண்டிருக்கும்போதே மாகாண அரசு ரொறன்ரோ கவுன்சிலர்களின் எண்ணிக்கையை 47 இலிருந்து 25 ஆக வெட்டியது. 2021 இல் உச்ச நீதிமன்றம் 5க்கு 4 என்ற கணக்கில் அது செல்லும் என்றது. சைக்கிள் பாதையில்தான் ஒரு சின்ன வெளிச்சம். புளோர், யங், யூனிவர்சிற்றி வீதிகளில் இருந்த பாதைகளை அகற்ற 2024 இல் சட்டம் போட்டார்கள். 2025 ஜூலையில் ஒன்ராறியோ உயர் நீதிமன்றம் மறித்தது. சைக்கிள் பாதை கேட்க யாருக்கும் உரிமை இல்லை, ஆனால் இருப்பதைப் பிடுங்கி, தக்க காரணமும் இல்லாமல் உயிருக்கு ஆபத்தைக் கூட்டினால் உயிருக்கும் பாதுகாப்புக்கும் உரிமை தரும் கனடிய உரிமைச் சாசனத்தின் 7 ஆம் பிரிவு மீறப்படும் என்றது. அரசு மேன்முறையீட்டுக்குப் போனது. கமராவுக்கும் இந்த வாதம் எடுபடுமா என்பதை வழக்கறிஞரிடம் கேளுங்கள், என்னிடம் வேண்டாம்.

நீங்கள் செய்யக்கூடியது இது. பள்ளிக்கூடம் உள்வீதியில் என்றால் வேகத்தடை மேடு போடும் அதிகாரம் இன்னும் நகரசபையிடம் இருக்கிறது. அதைக் கவுன்சிலரிடம் எழுதிக் கேளுங்கள். கமராவைப் பற்றிய கடிதம் உங்கள் தொகுதியின் மாகாண நாடாளுமன்ற உறுப்பினருக்கு (எம்.பி.பி.) போக வேண்டும். வீதியின் பெயர், பள்ளி விடும் நேரம், அந்த நேரத்தில் எத்தனை பிள்ளைகள் கடக்கிறார்கள் என்று எண்ணி எழுதுங்கள். இரண்டு கடிதங்களின் அடியிலும் மற்றவருக்குப் பிரதி போகிறது என்று போட மறக்காதீர்கள். அவர் இவரைக் கைகாட்ட, இவர் அவரைக் கைகாட்ட, நடுவில் நீங்கள் அலையத் தேவையில்லை.