ஏழு டாலர்

மதிப்பிற்குரிய அம்மா,

நான் முதுகலை வரலாறு படிக்கிறேன். அமெரிக்க உள்நாட்டுப் போரில் கறுப்பின வீரர்களைக் கொண்டு அமைக்கப்பட்ட மாசசூசெட்ஸ் 54ஆம் தன்னார்வக் காலாட்படை ரெஜிமென்ட் பற்றிக் கட்டுரை எழுதிக்கொண்டிருக்கிறேன். தென் கரோலினாவில் அவர்கள் நடத்திய வாக்னர் கோட்டைத் தாக்குதல் தோல்விதானே, ஏன் இவ்வளவு கொண்டாடுகிறார்கள்? அவர்களுடைய தளபதி கர்னல் ஷா பணக்கார வீட்டுப் பிள்ளை என்பதால் வந்த புகழா? அப்புறம், அவர்கள் சம்பளம் வாங்க மறுத்தது எனக்கு வறட்டுப் பிடிவாதமாகவே படுகிறது. மாதம் ஆறு டாலர் வித்தியாசத்துக்காகக் குடும்பத்தைப் பட்டினி போடலாமா? அதுவும் மாநில அரசே மிச்சத்தைத் தர முன்வந்த பிறகு?

எம்., திருநெல்வேலி

அன்புள்ள எம்.,

அந்த ரெஜிமென்டின் கார்ப்பரல் ஜேம்ஸ் ஹென்றி குடிங் எழுதிய கடிதங்களை வாசித்துக்கொண்டிருந்தபோது உங்கள் கடிதம் வந்தது. இல்லாவிட்டால் இவ்வளவு கோபமாகப் பதில் எழுதியிருக்க மாட்டேன்.

கோட்டை விஷயம் எளிது. 1863 ஜூலை 18 மாலை, கடலுக்கும் சதுப்புக்கும் நடுவே இருந்த ஒடுங்கிய மணல்வெளியில் சுமார் 600 பேரை முன்னால் அனுப்பினார்கள். பகல் முழுக்கப் பீரங்கியால் அடித்தும் கோட்டை உடையவில்லை. செத்தவர்கள், காயம்பட்டவர்கள், பிடிபட்டவர்கள் என்று 270 பேருக்கு மேல் போனார்கள். செப்டம்பரில் எதிரியான தெற்கு மாநிலங்களின் படையே கோட்டையைக் காலி செய்துவிட்டுப் போய்விட்டது. மோசமான திட்டம், தோல்வி, சரி. ஷாவைப் பற்றி எழுத நிறையப் பேர் இருக்கிறார்கள், அவரை அவர்களிடம் விட்டுவிடுங்கள்.

"வறட்டுப் பிடிவாதம்" என்ற சொல்லைத்தான் என்னால் விட முடியவில்லை.

இந்த ஆட்களைச் சேர்க்கும்போது மாசசூசெட்ஸ் ஆளுநர் ஜான் ஆண்ட்ரு என்ன வாக்குக் கொடுத்தார்? மற்ற சிப்பாய்களுக்கு உள்ள அதே சம்பளம், மாதம் 13 டாலர். பெரும்பாலும் சுதந்திரமாகப் பிறந்தவர்கள், பென்சில்வேனியா, நியூயார்க், ஓஹையோ என்று எங்கெங்கிருந்தோ அந்த வாக்கை நம்பி பாஸ்டனுக்கு அருகே இருந்த ரீட்வில் முகாமுக்கு வந்தவர்கள். போர்முனைக்குப் போன பிறகு மத்திய அரசு 1862ஆம் ஆண்டுச் சட்டத்தைத் தூக்கிக் காட்டியது. கறுப்பர்களை மண் வெட்டவும் மூட்டை தூக்கவும் வைத்துக்கொள்வதற்காக எழுதிய சட்டம் அது. மாதம் 10 டாலர், அதில் உடுப்புக்கு 3 டாலர் பிடித்தம். கைக்கு ஏழு. வெள்ளை சார்ஜென்ட் 17 டாலர் வாங்கினார். கறுப்பு சார்ஜென்டுக்கும் அதே ஏழுதான். அப்படியென்றால் அந்த ஏழு டாலர் எதற்கான கூலி? வாக்னரில் செத்தவன் மண் வெட்டப் போனவன் என்று சொல்வதற்கான கூலி. வாங்கிக் கையெழுத்துப் போட்டால் அதை ஒப்புக்கொண்டதாக ஆகும்.

குடிங் 1863 செப்டம்பர் 28 அன்று லிங்கனுக்கே எழுதினார்: நாங்கள் சிப்பாய்களா, கூலியாட்களா? திமிங்கல வேட்டைக் கப்பல்களில் உழைத்த மனிதர். ஒரு நாட்டின் அதிபரிடம் கேட்க வேண்டிய கேள்வி எதுவென்று அவருக்குத் தெரிந்திருந்தது.

நவம்பரில் மாசசூசெட்ஸ் மிச்சப் பணத்தைத் தானே தர முன்வந்தது. உங்கள் பெரிய வாதம் இதுதான், இல்லையா? மத்திய அரசு தங்கள் மேல் சேற்றை எறிவதையும் மாசசூசெட்ஸ் அதைத் துடைத்துவிடுவதையும் இவர்கள் ஏற்கத் தயாராக இல்லை என்று அப்போதே ஒரு பத்திரிகை ஆசிரியர் எழுதினார். சேறு எறிந்தவனே துடைக்க வேண்டும் என்றார்கள். இதில் வறட்சி எங்கே இருக்கிறது, தம்பி?

வயிற்றுப்பாடு தெரியாமல் நான் பேசுவதாக நினைக்காதீர்கள். ஆலையில் வேலைநிறுத்தம் நடந்த மாதங்களில் அப்பா ஒரு பைசா கொண்டுவரவில்லை. மளிகைக்கடைக்காரர் கடன் நோட்டைத் திறக்காமலே கையை விரித்தபோது அம்மாவின் பக்கத்தில் நின்றவள் நான். உறவுக்காரர்கள் எல்லோரும் அப்பாவைப் பிடிவாதக்காரர் என்றார்கள். அம்மா வீட்டில் அவரோடு சண்டை போடுவாள், வெளியே யாராவது அந்த வார்த்தையைச் சொன்னால் விடமாட்டாள். பட்டினி கிடந்தவர்களுக்கு அதன் விலை நம்மைவிட நன்றாகவே தெரியும். இதே சிக்கலில் இருந்த 55ஆம் ரெஜிமென்ட் வீரர் ஒருவரின் மனைவி, எங்கள் ஆட்களுக்கு ஏன் இன்னும் சம்பளம் வரவில்லை என்று ஆளுநருக்கு எழுதிக் கேட்டார். அந்தப் பெண் கேள்வி கேட்டது யாரிடம் என்று கவனியுங்கள். கணவனிடம் இல்லை.

ஏறக்குறைய 18 மாதம் வாங்கவில்லை. சண்டையை நிறுத்தவும் இல்லை. 1864 பிப்ரவரி 20, புளோரிடாவில் ஒலஸ்டி சண்டை. "மாசசூசெட்ஸ்! மாதம் ஏழு டாலர்!" என்று கத்திக்கொண்டே போனார்கள். குடிங் அங்கேதான் காயம்பட்டுப் பிடிபட்டார். ஜூனில் நாடாளுமன்றம் சம ஊதியச் சட்டம் போட்டது. ஜூலையில் குடிங், தெற்குப் படையின் ஆண்டர்சன்வில் சிறை முகாமில் இறந்தார். செப்டம்பர் கடைசியில்தான் பணம் வந்தது.

அந்தச் சட்டத்திலும் ஒரு சூழ்ச்சி இருந்தது. 1861 ஏப்ரல் 19இல் சுதந்திரமாக இருந்தவருக்கு மட்டுமே சேர்ந்த நாளிலிருந்து முழுப் பாக்கி. ரெஜிமென்டில் அடிமைத்தளையிலிருந்து தப்பி வந்தவர்களும் இருந்தார்கள். ஷாவுக்குப் பின் பொறுப்பேற்ற கர்னல் ஹாலொவெல், அடிமைமுறையை எதிர்த்த குவேக்கர் என்ற கிறித்தவப் பிரிவுக் குடும்பத்துக்காரர், ஒரு சத்தியம் தயாரித்தார்: அந்தத் தேதியில் யாருக்கும் கூலியில்லா உழைப்பை நான் கடன்பட்டிருக்கவில்லை. அடிமையாக இருந்தவரும் மனசாட்சிப்படி சொல்லலாம், ஏனென்றால் எஜமானுக்கு அவர் எதையும் கடன்படவே இல்லை. அப்படியே சொன்னார்கள். எனக்கு இந்த ரெஜிமென்டின் வரலாற்றில் வாக்னரைவிடப் பெரிய நாள் அதுதான்.

உங்கள் கடிதத்தில் இல்லாத ஒருவரைச் சொல்லிவிடுகிறேன். 3ஆம் தென் கரோலினா ரெஜிமென்டின் சார்ஜென்ட் வில்லியம் வாக்கர். பெயரில் தென் கரோலினா இருந்தாலும் அது வடக்கு அரசின் படைதான், அதில் பெரும்பாலோர் முன்னாள் அடிமைகள். 1863 நவம்பரில், ஏழு டாலருக்கு வேலை செய்ய மாட்டோம் என்று தன் ஆட்களோடு படைத் தளபதியின் கூடாரத்துக்கு முன் துப்பாக்கிகளை அடுக்கிவைத்தார். கலகம் என்று விசாரித்து 1864 பிப்ரவரி 29 அன்று சுட்டுக் கொன்றார்கள். சிப்பாய் என்று சம்பளம் கொடுக்கச் சட்டம் கிடைக்காத அரசுக்கு, சிப்பாய் என்று சுட மட்டும் சட்டம் கிடைத்ததே என்று ஆண்ட்ருவே பின்னால் எழுதினார். சம்பளம் மறுத்தவர்களில் 54ஆம் படைக்கு ஆளுநர் துணை இருந்தார், பத்திரிகைகள் இருந்தன. வாக்கருக்கு யாரும் இல்லை.

உங்கள் நடை நன்றாக இருக்கிறது, உழைக்கிறீர்கள் என்றும் தெரிகிறது. அதனால்தான் திட்டினேன். கட்டுரையை முடித்ததும் அனுப்புங்கள். வாக்கரின் பெயர் இருக்கிறதா என்றுதான் முதலில் பார்ப்பேன்.