ஆர்.சி.யில் (வண்டியின் பதிவுச் சான்று) முடியும் தேதியைப் பார்த்தீர்களா?

மீன் ஏற்றப் பயன்படும் எங்கள் மொபெட்டின் தயாரிப்பு 2011 டிசம்பர். பதிவு செய்தது 2012 மார்ச் 5. ஆர்.சி. எப்போது முடியும்? புதுப்பிக்க என்ன செய்ய வேண்டும்?
– கடலூர் முதுநகர் வாசகர்

தயாரித்த மாதத்தை மறந்துவிடுங்கள், பதிவான நாள்தான் கணக்கு. சொந்த உபயோக வண்டிகளுக்குப் பதிவு 15 வருடம் செல்லும். உங்களுக்கு 2027 மார்ச் 4 வரை. முடிவதற்கு 60 நாள் முன்பே விண்ணப்பிக்கலாம் என்பதால், அந்த ஜனவரி முதல் வாரத்திலேயே வேலையைத் தொடங்கிவிடுங்கள். புதுப்பித்தால் இன்னும் 5 வருடம் கிடைக்கும்.

அரசின் பரிவாஹன் இணையதளத்தில் படிவம் 25-ஐ நிரப்பி, கட்டணம் கட்டி, நாள் வாங்கிக்கொண்டு, வண்டியை ஆர்.டி.ஓ. அலுவலகத்துக்கு ஓட்டிப் போக வேண்டும். பிரேக் இன்ஸ்பெக்டர் வண்டியை நேரில் பார்ப்பார். இன்ஷூரன்ஸும் புகைச் சான்றும் நடப்பில் இருக்கட்டும். பாக்கி அபராதம் இருந்தால் முதலில் கட்டிவிடுங்கள்.

கடற்கரைக்காரர்களுக்கு ஒன்றை அழுத்திச் சொல்கிறேன். சேசிஸ் எண்ணின் மேல் வெள்ளைத்தாளை வைத்துப் பென்சிலால் தேய்த்து அச்சு எடுப்பார்கள். பெரும்பாலான இருசக்கர வண்டிகளில் அது ஹேண்டில்பாருக்குக் கீழே, கழுத்துக் குழாயில் இருக்கும். உப்புக் காற்றும் மீன் பெட்டித் தண்ணீரும் பட்டு அங்கே துரு ஏறி, 3 எது 8 எது என்று தெரியாமல் போகும். அதற்காக எமரித் தாளைப் போட்டுத் தேய்த்துவிடாதீர்கள். எண் மழுங்கினால், திருத்தியதோ என்ற சந்தேகம் வரும். மண்ணெண்ணெய் நனைத்த துணியை ராத்திரி சுற்றிவைத்து, காலையில் பழைய டூத் பிரஷ்ஷால் மெல்லத் துலக்குங்கள், எண் தெரியும்.

கட்டணம்: பைக், மொபெட்டுக்கு 1,000 ரூபாய், காருக்கு 5,000. 20 வருடம் தாண்டிய வண்டிகளுக்கு 2025 ஆகஸ்ட் முதல் இது இரட்டிப்பு. பசுமை வரி தனி. தாமதித்தால் பைக்குக்கு மாதம் 300, காருக்கு மாதம் 500 கூடும். ஒரு வருடம் சும்மா விட்டால் பைக்குக்கு 3,600 ரூபாய். அது புதுப்பிக்கும் கட்டணத்தைவிட மூன்று மடங்குக்கும் மேல்!

இன்ஷூரன்ஸ் கட்டியிருக்கிறேன். ஆர்.சி. முடிந்தால் என்ன?
– நெல்லிக்குப்பம் வாசகர்

தயவுசெய்து அப்படி ஓட்டாதீர்கள். பதிவு முடிந்த வண்டி, பதிவில்லாத வண்டிதான். தற்காலிகப் பதிவு முடிந்த பின் விபத்தில் சிக்கிய ஒரு வண்டிக்கு இன்ஷூரன்ஸ் கம்பெனி பணம் தர மறுத்தது சரியே என்று 2014-ல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. பிரீமியம் கட்டியும் கைக்கு ஒன்றும் வராது என்றால் எவ்வளவு வயிற்றெரிச்சல்! போலீஸ் அபராதத்தைவிட எனக்கு இதுதான் பெரிய கவலை.

என்னுடையது பி.ஒய். 01 எண் கொண்ட புதுச்சேரிப் பைக். மூன்று வருடமாக மஞ்சக்குப்பத்தில் இருக்கிறேன். எங்கே புதுப்பிப்பது?

புதுச்சேரி எல்லையான முள்ளோடையைத் தாண்டினால் வேறு மாநிலம். தினமும் போய்வருபவர்களுக்கு அது உறைப்பதில்லை, சட்டத்துக்கு அப்படியில்லை. 12 மாதத்துக்கு மேல் வண்டி இங்கேயே இருந்தால் இங்கத்திய எண் வாங்க வேண்டும். படிவம் 28 கொடுத்துப் புதுச்சேரியில் என்.ஓ.சி. (தடையில்லாச் சான்று) வாங்குங்கள். அப்புறம் கடலூரில் படிவம் 27 கொடுத்து, வரி கட்டி, டி.என். 31 எண்ணுக்கு மாறுங்கள். கடன் பாக்கி இருந்தால் பேங்கின் சம்மதமும் வேண்டும். தேதி முடிய ஆறு மாதம் இருக்கும்போதே கிளம்புங்கள், இரண்டு ஊர் அலைச்சல் இது.

அப்பா இறந்துவிட்டார். அவர் பைக்கின் ஆர்.சி. முடியப்போகிறது. வண்டியை விட மனமில்லை.
– வில்லியனூர் வாசகி

விட வேண்டாம், அம்மா. முதலில் பெயர் மாற்றம். இறந்த 30 நாளுக்குள் தகவல் தெரிவித்து, மூன்று மாதத்துக்குள் படிவம் 31 கொடுக்க வேண்டும் என்பது விதி. இறப்புச் சான்று, வாரிசுச் சான்று, மற்ற வாரிசுகளின் சம்மதக் கடிதம் ஆகியவற்றை எடுத்துக்கொள்ளுங்கள். கெடு தாண்டியிருந்தாலும் அலுவலகத்துக்குப் போங்கள். பெயர் உங்களுக்கு வந்ததும் புதுப்பிப்புக்கு விண்ணப்பிக்கலாம்.

15 வருடம் ஆனால் வண்டியை உடைத்துவிடுவார்களாமே?

அந்தப் பேச்சு, டெல்லிப் பக்கத்தில் பழைய வண்டிகளுக்குப் போட்ட கட்டுப்பாட்டிலிருந்து வந்தது. இங்கே சொந்த வண்டி தகுதியாக இருந்தால் புதுப்பித்து ஓட்டலாம். 15 வருடம் தாண்டியதும் பதிவு நீட்டிக்கப்படாதவை அரசு வண்டிகள்தான், 2023 ஏப்ரலிலிருந்து.

லோடு ஆட்டோவுக்கும் 15 வருடமா?
– பண்ருட்டி வாசகர்

இல்லை. வாடகை வண்டிக்கு எஃப்.சி. (தகுதிச் சான்று)தான் உயிர். முதல் 8 வருடம் இரண்டு வருடத்துக்கு ஒருமுறை, அப்புறம் வருடா வருடம். எஃப்.சி. முடிந்தபின் ஒவ்வொரு நாளுக்கும் 50 ரூபாய் ஏறும். பலா சீசன் முடியட்டும் என்று இரண்டு மாதம் தள்ளினால் 3,000 ரூபாய் போயிற்று.

ஃபெஞ்சல் வெள்ளத்தில் ஆர்.சி. புக் கூழாகிவிட்டது.
– பாகூர் வாசகர்

படிவம் 26 கொடுத்து நகல் ஆர்.சி. வாங்குங்கள். மிஞ்சியிருக்கும் துண்டைத் தூக்கி எறியாமல் கொண்டு போங்கள். நகல் வரும்வரை அரசின் டிஜிலாக்கர் செயலியில் உள்ள ஆர்.சி.யைக் காட்டலாம், செல்லும். கையோடு அதில் முடியும் தேதியையும் பார்த்துவிடுங்கள்.