மனோரமாவுக்கு நாடகம் உதவியதா என்று ஒரு பிராம்ப்டரைக் கேட்டால்

கேள்வி இதுதான்: "மனோரமா ஆச்சி ஆயிரம் படங்களுக்கு மேல் நடித்ததற்கு நாடக அனுபவம் உண்மையிலேயே காரணமா, இல்லை பழைய நடிகர்கள் எல்லாரும் பேட்டியில் சொல்லும் சம்பிரதாயப் பேச்சா?"

அந்த 'சம்பிரதாயப் பேச்சு' மட்டும் இல்லாவிட்டால் பேசாமல் போயிருப்பேன். கேட்டவர் குறும்பட ஆசை உள்ள தம்பி என்று நினைக்கிறேன். நாடகக் குழுவில் இரண்டு வருஷம் கிடக்க வேண்டுமா, நேராக கேமரா முன்னால் நின்றுவிடலாமா என்பதுதான் உள்ளே இருக்கும் கேள்வி. தப்பாக ஊகித்திருந்தால் மன்னிக்கவும்.

முதலில் என் யோக்கியதை. நான் நடிகன் இல்லை. எண்பதுகளில் சென்னையில் பகலில் ஆபீஸ், சாயந்திரம் ஓர் அமெச்சூர் நாடகக் குழுவில் பிராம்ப்டர். சைடு விங்கில் ஜீரோ வாட் பல்பு வெளிச்சத்தில் வசன நோட்டோடு நின்று, மறந்துபோகிறவர்களுக்கு அடுத்த வரியை எடுத்துக் கொடுப்பவன். பதினோரு வருஷம் நின்றேன். யாருக்கு எங்கே தொண்டை அடைக்கும் என்று அவர்கள் வீட்டுக்காரம்மாவைவிட எனக்கு நன்றாகத் தெரியும்.

ஆச்சி கதை பலருக்குத் தெரிந்ததுதான், சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். 1937-ல் மன்னார்குடியில் பிறந்தவர், நிஜப்பெயர் கோபிசாந்தா. அப்பா கைவிட்டுவிட, அம்மா அவரைக் கூட்டிக்கொண்டு காரைக்குடிப் பக்கம் பள்ளத்தூருக்கு வந்தார். அம்மாவுக்கு உடம்பு முடியாமல் போனதில் படிப்பு பாதியில் நின்றது. பன்னிரண்டு வயதில் மேடை. ஊருக்கு வந்த ஒரு நாடகத்தில், சின்ன வேஷம் போடவேண்டிய பெண்ணுக்குப் பாட வரவில்லை என்று இவரைப் பிடித்துப் போட்டார்கள். மனோரமா என்ற பெயரை வைத்ததும் நாடகக்காரர்கள்தான். பிறகு நடிகர் எஸ்.எஸ். ராஜேந்திரன் குழுவில் கலைஞர் எழுதிய 'மணிமகுடம்' உட்பட எத்தனையோ மேடைகள். 1958-ல் கண்ணதாசன் தயாரித்த 'மாலையிட்ட மங்கை'யில் காமெடி வேஷம். 1963-ல் 'கொஞ்சும் குமரி'யில் கதாநாயகி.

இந்த வரிசையில் நான் பார்ப்பது ஒன்றே ஒன்று: முதலில் கூப்பிட்டது அவர் குரலை. அதற்குப் பின்னால் ஒரு காது இருந்தது. அந்தக் காதுதான் என் பதில். அது என்ன என்று எனக்குப் புரியவைத்தவர் வேறொரு அம்மா.

ஒரு தடவை எங்கள் நாடகத்தில் வழக்கமாக அம்மா வேஷம் போடுபவருக்கு மஞ்சள் காமாலை. மறுநாள் சபாவில் நாடகம். மேக்கப்மேன் எங்கிருந்தோ ஒரு அம்மாவைக் கூட்டிக்கொண்டு வந்தார். அறுபது வயதிருக்கும். கம்பெனி நாடகங்களில் இருந்தவர், அப்போது சினிமாவில் கூட்டத்தில் நிற்கிற வேலை. நான் நோட்டை நீட்டினேன். "கண்ணு தெரியலை தம்பி, நீங்களே படிங்க" என்றார். கண்ணில் கோளாறு இல்லை, எழுத்து தெரியாது என்பது எனக்கு ரொம்பப் பிறகுதான் உறைத்தது.

நான் அவருடைய வசனங்களை மட்டும் வரிசையாகப் படிக்க ஆரம்பித்தேன். வெற்றிலை மடித்துக்கொண்டிருந்தவர் நிறுத்தச் சொன்னார்.

"என் வசனம் கெடக்கட்டும். எனக்கு முன்னாடி அந்தத் தம்பி என்ன சொல்லி நிறுத்துது, அதைச் சொல்லுங்க. பையன் பேசுறதைப் பையன் மாதிரி படிங்க. ரேஷன் கார்டு மாதிரி படிக்காதீங்க."

இரண்டு தடவை படித்தேன். இரண்டே தடவை. மறுநாள் நோட்டைக் கையில் பிடித்துக்கொண்டு நடுங்கியவன் நான்தான். அவருக்கு ஒரு வரிகூட நான் எடுத்துக் கொடுக்க வேண்டியிருக்கவில்லை.

மூன்றாவது காட்சி. வேலை போய்விட்டது என்று மகன் அம்மாவிடம் சொல்ல வேண்டும். எங்கள் ஹீரோவுக்கு (பேர் வேண்டாம், பேரன் பேத்தி எடுத்துவிட்டார்) வரி சுத்தமாகத் துடைத்துவிட்டது. நான் விங்கிலிருந்து கத்தாத குறை. மைக்கில் விழுந்துவிடுமோ என்று பயம் வேறு. அந்த அம்மா முறத்தில் அரிசி புடைத்துக்கொண்டிருந்தார். நிமிரவே இல்லை. முறத்தை இரண்டு தட்டுத் தட்டினார். ஒரு கல்லைப் பொறுக்கித் தூரப் போட்டார். அப்புறம், ரொம்பச் சாதாரணமாக, "என்னடா எச்சி முழுங்கறே? நாளையிலேர்ந்து வர வேணாம்னுட்டானா?" என்றார்.

"ஆமாம்மா" என்று ஹீரோ உடைந்து அழுதார். நிஜ அழுகை, நிம்மதியில் வந்தது. சபாவில் கைதட்டல். அடுத்த வாரம் ஒரு பத்திரிகையில் அந்த இடத்தில் ஹீரோ 'மௌனத்தாலேயே பேசினார்' என்று எழுதினார்கள்! எங்கே போய் முட்டிக்கொள்வது?

மற்றவர் வசனத்தைக் காதால் பிடித்து வைத்துக்கொள்வது, நடுவில் விழும் பள்ளத்தை ஒரு முறத்தால் மூடுவது, இதெல்லாம் மேடையில் வேறு வழியில்லாமல் வருவது. அங்கே கட் சொல்ல ஆள் இல்லை. ஆச்சியிடம் நான் பார்ப்பது இதைத்தான். மெட்ராஸ் பாஷை, செட்டிநாட்டுப் பேச்சு, 'சின்ன கவுண்ட'ரில் கொங்கு இழுவை என்று எந்த ஊர் வாடையையும் காதிலிருந்து வாய்க்குக் கொண்டுவந்தார். 'தில்லானா மோகனாம்பா'ளில் சிவாஜியும் பத்மினியும் இருக்கும்போது ஆச்சியின் ஜில் ஜில் ரமாமணி மனசில் நிற்கிறாள் என்றால், அவளும் ஒரு நாடகக்காரி. அந்த நடையை யாரும் அவருக்குச் சொல்லிக்கொடுத்திருக்க வேண்டியதில்லை.

உடனே சண்டைக்கு வருவார்கள், தெரியும். மேடை ஏறாதவர்கள் நல்ல நடிகர்கள் இல்லை என்று நான் சொல்லவில்லை. நாடகத்தால் வந்த கெடுதலும் உண்டு. ஆச்சியே தொண்ணூறுகளில் சில அம்மா வேஷங்களில் கடைசி வரிசைக்குக் கேட்கிற மாதிரிதான் அழுதார். இதைச் சொன்னால் ரசிகர்கள் அடிப்பார்கள், அடிக்கட்டும். ஆனால் 1989-ல் வந்த 'புதிய பாதை'க்குத் துணை நடிகைக்கான தேசிய விருது வாங்கியவரை 2015 அக்டோபரில் அவர் போன அன்று "அந்தக் காமெடி ஆச்சியா?" என்று என்னிடமே ஒருவர் கேட்டார். அன்றிலிருந்து இந்த விஷயத்தில் எனக்குப் பொறுமை குறைவு.

கேள்விக்குச் சம்பந்தமில்லை, இருந்தாலும் சொல்லிவிடுகிறேன். பதினோரு வருஷத்தில் அழைப்பிதழில் என் பெயர் ஒரே ஒருமுறை வந்தது, அதுவும் 'ஒலி, ஒளி' என்ற தலைப்பின் கீழ். நூறாவது நாடக விழாவில் சபா கேன்டீன்காரருக்குக்கூட மேடையில் பெயர் சொல்லிப் பொன்னாடை போர்த்தினார்கள். கீரை வடை நன்றாகத்தான் இருக்கும், மறுக்கவில்லை. என்னை "மற்றும் பலர்" என்றார்கள். இரண்டாவது சீனிலேயே ஜனங்கள் அந்த வடைக்கு எழுந்து போவார்கள். அவர்களுக்காகவா நான் தொண்டையை அடக்கிக்கொண்டு நின்றேன்?

சரி. அந்த அம்மாவுக்குப் பேசியது நூறு ரூபாய். பொருளாளர் கவரில் எழுபத்தைந்து வைத்து, "அமெச்சூர் குழுதானேம்மா" என்றார். அவர் எண்ணிப் பார்த்து இடுப்பில் செருகிக்கொண்டார். என்னைப் பார்த்து, "தம்பி, அந்தப் பையன் நாளைக்கும் அதே எடத்துல மறக்கும். முறத்தை வெச்சிருங்க" என்று சொல்லிவிட்டு பஸ்ஸுக்குப் போனார்.

அடுத்த தடவை நாடகம் போட்டபோது பழைய நடிகையே வந்துவிட்டார். ஹீரோ அதே இடத்தில் மறந்தார்.