சுடுதண்ணிக் கான் – கடிதம்

அன்புள்ள ஐயா,

மலேசியாவில், பேராக் மாநிலத்துச் சுங்காயில் இருக்கிறேன். பள்ளி விடுமுறையில் பிள்ளைகளைச் சுங்கை கிளா வெந்நீர்க் குளத்துக்குக் கூட்டிப்போனேன். முட்டை அவிக்கும்போது சின்னவள், "இதை யாரும்மா கண்டுபிடிச்சா? கீழே எரிமலை இருக்கா?" என்று கேட்டாள். எனக்குச் சொல்லத் தெரியவில்லை. நீங்கள் இந்தப் பக்கத்து ரப்பர்த் தோட்டத்தில் வளர்ந்தவராயிற்றே.

— ஒரு வாசகி

அன்புள்ள வாசகிக்கு,

எரிமலை இல்லை. மழைத்தண்ணீர் தித்திவாங்சா மலையின் கருங்கல் பிளவுகளில் இறங்குகிறது. ஒரு கிலோமீட்டர் ஆழத்துக்கு ஏறக்குறைய 25, 30 டிகிரி வீதம் சூடேறி, வேறொரு பிளவு வழியாக மேலே வருகிறது. உலு சிலிம், தம்புன் ஊற்றுகளும் அப்படித்தான். அழுகிய முட்டை வாடை அடித்திருந்தால் அது கந்தகம் கலந்த வாயு.

கண்டுபிடித்தது யார் என்ற கேள்விக்குத்தான் எனக்கு எரிச்சல் வரும். சின்னவள்மேல் அல்ல, எழுதிவைத்தவர்கள்மேல். சிங்கப்பூர் செம்பாவாங் ஊற்றை 1909இல் ஒரு நகராட்சி ஊழியர் கண்டுபிடித்ததாகப் பதிவு. 1921இல் பிரேசர் அண்ட் நீவ் என்ற பானக் கம்பெனி அதை வாங்கித் தண்ணீரைப் போத்தலில் அடைத்து விற்றது. ஜப்பான்காரன் காலத்தில் அது அவர்களுடைய குளிக்கும் இடமானது. சபாவின் போரிங் வெந்நீர் ஊற்றிலும் தொட்டி கட்டியது அவர்கள்தான். ஆக, யார் வேலி போட்டார், யார் காசு வாங்கினார் என்ற கணக்குத்தான் வரலாறாக நிற்கிறது. பத்தாங் பாடாங் காட்டில் தலைமுறை தலைமுறையாக இருக்கும் செமாய் பூர்வகுடி மக்களிடம் யாரும் தேதி கேட்கவில்லை. லயம் என்கிற வரிசை வீடுகளில் இருந்த நம் தோட்டத்து ஆட்களிடமும்தான்.

எங்கள் தோட்டத்துக் கடைசி ரப்பர்மர நிரைக்குப் பின்னால் ஓர் ஊற்று இருந்தது. பெயர் கிடையாது, சுடுதண்ணிக் கான் என்போம். பிரட்டு, அதாவது வேலைக்குப் பேர் கூப்பிடுவது, இல்லாத ஞாயிற்றுக்கிழமை பாட்டி நாலு முட்டையைப் பழைய சட்டைத்துணியில் முடிந்து, கயிறு கட்டி இறக்குவார். அது வேகும்வரை கொஞ்சம் கீழே, சூடு தணிந்த இடத்தில், வெடித்த பாதங்களை நனைத்துக்கொண்டு உட்கார்ந்திருப்பார். கல்லில் பால் காய்ந்த கையைத் தேய்ப்பார். முட்டையை உடைத்தால் வேடிக்கை: மஞ்சள் கெட்டியாக இருக்கும், வெள்ளை கொழகொழவென்று வழியும். "ஆத்தா சூடு, உள்ளேர்ந்து வேகுது" என்பார். நான் நம்பினேன்.

அப்புறம் படித்தபோதுதான் தெரிந்தது. மஞ்சள் கரு 65, 70 டிகிரியிலேயே இறுகிவிடும். வெள்ளை முழுதாக இறுக 80 வேண்டும். அப்படியென்றால் எங்கள் கான் 70 டிகிரி அளவில் இருந்திருக்க வேண்டும். எந்தப் பதிவிலும் இல்லாத ஊற்றுக்கு என்னிடம் இருக்கும் ஒரே அளவு அதுதான்.

பால்மரம் போய்ச் செம்பனை வந்தது, லயத்தை இடித்தார்கள். போன வருடம் கானைத் தேடிப் போனேன். முள் மண்டிக் கிடந்தது, வாடைகூட இல்லை.

சரி, சின்னவள் அவித்த முட்டையில் எது முதலில் இறுகியது? கேட்டு எழுதுங்கள்.