மும்பையின் பூர்வீக மீனவச் சமூகமான கோலிப் பெண்களின் வேலை மீன் விற்பதோடு முடிந்துவிடுகிறதா?

இல்லை. தாராவி, சயான் பக்கம் வசிக்கும் நம் தமிழர்கள் தினமும் பார்ப்பது கூடையோடு உட்கார்ந்து பேரம் பேசும் பெண்களை; அது அவர்கள் உழைப்பின் கடைசிக் கட்டம். ஆண்கள் கடலுக்குப் போகிறார்கள். படகு கரை சேர்ந்ததும் மீன் பெண்கள் கைக்கு வந்துவிடுகிறது. 1875-இல் திறக்கப்பட்ட சசூன் டாக் மீன்பிடித் துறைமுகத்தில் விடியும் முன்பே தரம் பிரிப்பது, ஏலத்தில் எடுப்பது, பனிக்கட்டி போட்டு வைப்பது என்று வேலை தொடங்கிவிடும். விற்ற காசும் பெரும்பாலும் அவர்கள் மடியில்தான்.

கோலி மீனவர்கள் வாழும் வர்சோவா கடற்கரைப் பகுதிக்கு ஒருமுறை போய்ப் பாருங்கள். மூங்கில் பந்தலில் கட்டிய கயிற்றின் இருபுறமும் தொங்கும்படி, இரண்டு பொம்பில் (‘பாம்பே டக்’) மீன்களின் தாடைகளைக் கோத்து மாட்டுகிறார்கள். காய்வதற்குள் மழை பிடித்துக்கொண்டால் அத்தனையும் வீண். ஜூன், ஜூலை மீன்பிடித் தடைக்காலத்தில் பல வீடுகளில் அடுப்பெரியக் கைகொடுப்பது இந்தக் கருவாடு.

இறால் உரிக்கும் பெண்களின் நிலை இன்னும் கடினம். விரல்கள் மரத்துப்போக உரித்தாலும் கூலி உரித்த அளவுக்குத்தான். மீனவர் என்றதும் படகும் வலையும் வைத்திருப்பவரையே நினைக்கிறோமே, அது எனக்குப் பெரிய அநீதியாகவே படுகிறது. இப்போது நகரம் நெருக்க நெருக்க, மீன் காயவைக்கும் இடமும் சுருங்கிவருகிறது.